படத்தோடு வந்தால் பாராட்டு, தனியாக வந்தால் தடை: கவ்ரீல் பொப்போவின் கதை

1934 நவம்பரில் சோவியத் ஒன்றியத்தில் 'சப்பாயெவ்' என்ற படம் வெளிவந்தது. உள்நாட்டுப் போரில் செம்படைத் தளபதியாக இருந்து உயிர்விட்ட வசீலி சப்பாயெவின் கதை அது. முதல் ஆண்டிலேயே மூன்று கோடிப் பேருக்கு மேல் பார்த்தார்கள். நாடு முழுவதும் சப்பாயெவைப் பார்க்கிறது என்று கட்சி நாளேடான பிராவ்தா தலையங்கமே எழுதியது. ஸ்டாலின் கிரெம்ளினில் இருந்த தன் சொந்தத் திரையரங்கில் அதைத் திரும்பத் திரும்பப் போட்டுப் பார்த்தார். படத்துக்கு இசையமைத்தவர் கவ்ரீல் பொப்போவ். அப்போது அவருக்கு வயது 30.

நாலு மாதம் கழித்து, 1935 மார்ச் 22 அன்று, அதே பொப்போவின் முதல் சிம்பொனி லெனின்கிராடில் அரங்கேறியது. மறுநாளே அதைத் தடை செய்துவிட்டார்கள். நமக்கு எதிரான வர்க்கங்களின் சித்தாந்தத்தை இந்த இசை வெளிப்படுத்துகிறது என்பது நகரத்தின் கலை நிகழ்ச்சிகளைக் கண்காணித்த குழு சொன்ன காரணம். அந்த வாரமும் 'சப்பாயெவ்' ஊர் ஊராக ஓடிக்கொண்டுதான் இருந்தது. ஒரே ஆள் எழுதிய இசை திரையரங்கில் மக்களின் கலையாகவும், சில தெரு தள்ளியிருந்த கச்சேரி அரங்கில் பகைவனின் குரலாகவும் ஆகிவிட்டது.

சர்வாதிகாரம் என்றால் அப்படித்தான், இன்றைக்கு ஒன்று நாளைக்கு ஒன்று என்று சொல்லிவிட்டு நகர்ந்துவிடலாம். எனக்கு அது போதவில்லை. இந்த முரணுக்குள் ஒரு தர்க்கம் இருக்கிறது. அது பிடிபட்டால் பொப்போவின் வாழ்க்கை மட்டுமல்ல, அந்தக் காலத்து சோவியத் இசையமைப்பாளர்கள் அத்தனை பேரும் சினிமாவுக்கு ஏன் வந்தார்கள், அங்கே எதைப் பெற்றார்கள், எதை இழந்தார்கள் என்பதும் விளங்கும்.

பொப்போவ் 1904இல் தெற்கு ரஷ்யாவின் நோவோச்செர்காஸ்க் நகரில் பிறந்தவர். 1922இல், பின்னாளில் லெனின்கிராடு என்று பெயர் மாறிய பெத்ரோகிராடுக்கு வந்து இசைக் கல்லூரியில் சேர்ந்தார். பின்னாளில் உலகப் புகழ் பெற்ற இசையமைப்பாளர் ஷோஸ்டகோவிச்சும் அதே காலத்தில் அங்கே படித்தவர், இவரைவிட இரண்டு வயது இளையவர். இருபதுகளில் அந்த நகரத்தின் இசை உலகம் திறந்து கிடந்தது. ஐரோப்பாவின் புது இசை அங்கே வந்து ஒலித்தது, இளைஞர்கள் எதையும் முயன்று பார்க்கலாம் என்ற நிலை இருந்தது. 1927இல் ஏழே வாத்தியங்களுக்கு பொப்போவ் ஒரு அறை இசைப் படைப்பை எழுதினார். புல்லாங்குழல், கிளாரினெட், பசூன், டிரம்பெட், வயலின், செல்லோ, டபுள் பாஸ். துள்ளலும் குறும்பும் நிறைந்த அந்தப் படைப்பு ஒன்றே அவரைத் தலைமுறையின் முன்வரிசையில் நிறுத்தியது. ஷோஸ்டகோவிச்சுக்கு நிகராக இவர் வருவார் என்று அன்றைக்கு நம்பியவர்கள் அசட்டு நம்பிக்கை கொண்டவர்கள் அல்ல. இன்றைக்கு அந்தப் படைப்பைக் கேட்டாலும் அந்த நம்பிக்கை நியாயம் என்றே தோன்றும்.

அப்புறம் இரண்டு விஷயங்கள் அடுத்தடுத்து நடந்தன. ஒன்று, சினிமா பேசத் தொடங்கியது. லெனின்கிராடில் ஷோரினும் மாஸ்கோவில் தாகெரும் தனித்தனியே ஒலிப்பதிவு முறைகளை உருவாக்கினார்கள். 1931இல் முதல் முழுநீள சோவியத் பேசும் படம் வந்தது. ஸ்டுடியோக்களுக்கு உடனடியாக இசையமைப்பாளர்கள் வேண்டியிருந்தார்கள், சம்பளமும் கிடைத்தது. மற்றது, 1932 ஏப்ரல் 23 அன்று கட்சி ஒரு தீர்மானம் போட்டுத் தனித்தனிக் கலைஞர் சங்கங்களைக் கலைத்தது. அதற்குப் பதிலாகத் துறைக்கு ஒரு சங்கம், அதற்கு மேலே கட்சி என்ற அமைப்பு வந்தது. ஒரு பக்கம் கதவு சாத்தப்பட்டுக்கொண்டிருந்தபோது இன்னொரு பக்கம் புதிய கதவு திறந்தது. அந்தக் கதவு சினிமா.

பொப்போவின் தொடக்க காலப் படங்களில் முக்கியமானது 1932இல் எஸ்ஃபிர் ஷூப் இயக்கிய ஆவணப்படம். நாட்டை மின்மயமாக்கும் வேலையைக் கம்யூனிஸ்ட் இளைஞர் அமைப்பு தலைமேல் எடுத்துச் செய்வதைப் பற்றியது. நீப்பர் அணை, பல்பு தயாரிக்கும் ஆலை, டர்பைன் கட்டும் பட்டறை என்று படம் நகர்கிறது. பழைய செய்திப்படச் சுருள்களைத் தேடி எடுத்து 1927இல் ரோமனோவ் அரச வம்சத்தின் வீழ்ச்சியைப் படமாகத் தொகுத்தவர் ஷூப். ஒலி வந்ததும் இயந்திரங்களின் உண்மையான ஓசையையும் மனிதர்களின் உண்மையான பேச்சையும் அந்தந்த இடத்திலேயே பதிவு செய்ய வேண்டும் என்று பிடிவாதமாக இருந்தார்.

இந்தப் படம் தொடங்கும் விதம் அழகானது. அணை, தொழிற்சாலை எல்லாம் பிறகுதான். முதலில் நாம் பார்ப்பது ஒலிப்பதிவுக் கூடம். வாத்தியக் குழு உட்கார்ந்திருக்கிறது. ஒருவர் தெரமின் என்ற மின்னணு வாத்தியத்தின் முன்னால் நின்று, எதையும் தொடாமல், காற்றில் கையை அசைத்தே சுரம் எழுப்புகிறார். அந்த வாத்தியத்தைக் கண்டுபிடித்த லெவ் தெரமின் 1922இல் லெனினுக்கே அதை வாசித்துக் காட்டியிருந்தார். மின்சாரத்தைப் பற்றிய படத்துக்கு மின்சாரத்தாலேயே பாடும் வாத்தியம். பொப்போவின் இசையில் ஒத்திசையாத சுரங்களும், இயந்திரம் போல முட்டி மோதும் தாளங்களும் தாராளமாக வருகின்றன. ஆனால் யாரும் அதில் பகை வர்க்கத்தைக் காணவில்லை. திரையில் டர்பைன் சுழலும்போது இசை கரடுமுரடாக இருந்தால் அது டர்பைனின் இசை. அதற்கு மேல் கேள்வி கிடையாது.

'சப்பாயெவ்' இதற்கு நேர் எதிரான படம். லென்ஃபில்ம் ஸ்டுடியோவுக்காக அதை எடுத்த கியோர்கி வசீலியெவும் செர்கேய் வசீலியெவும் 'வசீலியெவ் சகோதரர்கள்' என்றே கையெழுத்திட்டார்கள். உண்மையில் அவர்கள் சகோதரர்கள் அல்லர், குடும்பப் பெயர் மட்டும்தான் ஒன்று. படத்தில் பின்னணி இசை மிகக் குறைவு. அந்தக் குறைவில்தான் அதன் பலம் இருக்கிறது. செம்படையை எதிர்த்த வெள்ளைப்படையின் அதிகாரிகள் வாயில் சுருட்டும் கையில் துப்பாக்கியுமாக வரிசை கலையாமல் நடந்து வரும் புகழ்பெற்ற காட்சியை எடுத்துக்கொள்ளுங்கள். அங்கே அடித்துக்கொண்டிருப்பது முரசு. கதறும் வயலின்களோ எச்சரிக்கும் எக்காளமோ கிடையாது. இன்னொரு காட்சியில் வெள்ளைப்படைக் கர்னல் பீத்தோவனின் 'மூன்லைட்' சொனாட்டாவை வாசிக்கிறான். அவனுடைய ஏவலாள் காலில் துணியைக் கட்டிக்கொண்டு தரையைத் தேய்க்கிறான். அந்த ஏவலாளின் தம்பிக்குக் கொடுக்கப்பட்ட தண்டனையும் அதனால் நேர்ந்த சாவும் நமக்குத் தெரியும் என்பதால், அந்த மென்மையான இசை நெஞ்சை அறுக்கிறது. கடைசிப் போருக்கு முந்தைய இரவில் சப்பாயெவின் ஆட்கள் கருங்காகத்தைப் பார்த்துப் பாடும் நாட்டுப்பாட்டைப் பாடுகிறார்கள்.

இப்படிப்பட்ட படத்தில் இசையமைப்பாளரின் வேலை கண்ணுக்குத் தெரியாது. எங்கே வாத்தியக் குழு பேசாமல் இருக்க வேண்டும் என்று தெரிந்திருப்பது பெரிய திறமை. அதைச் செய்தவர் அதே மாதங்களில் தன் மேசையில் ராட்சத அளவிலான ஒரு சிம்பொனியை முடித்துக்கொண்டிருந்தார் என்பதை நினைத்தால் பிரமிப்பாக இருக்கிறது.

அந்த முதல் சிம்பொனிக்கு அவர் ஏழு ஆண்டுகளுக்கு மேல் செலவிட்டார். அது முழுதாக முடியும் முன்பே, 1932இல், பல்ஷோய் தியேட்டரும் இளைஞர் அமைப்பின் நாளேடும் நடத்திய போட்டியில் இரண்டாம் பரிசு கிடைத்திருந்தது. மூன்று பகுதிகள், ஏறக்குறைய 50 நிமிடம், பெரும் வாத்தியக் குழு. முதல் பகுதி மட்டுமே கிட்டத்தட்ட பாதி நேரத்தை எடுத்துக்கொள்கிறது. அலறலோடு தொடங்கும் அந்தப் பகுதி ஓர் இடத்தில் நிற்பதாகவே இல்லை, ஒரு கருத்து முளைக்கும் முன்பே அடுத்தது அதை முட்டித் தள்ளுகிறது. நடுப்பகுதி நீண்டு உருகும் பாட்டு. கடைசிப் பகுதி வெறி பிடித்த ஓட்டமாகத் தொடங்கி மணியோசைகளும் பித்தளை வாத்தியங்களும் சேர்ந்த பேரொளியில் முடிகிறது. இசையமைப்பாளர்கள் மாலரும் ஸ்கிரியாபினும் ஒரு தொழிற்சாலைக்குள் சந்தித்தது போல இருக்கும். இது வெற்றியா பேரழிவா என்று கேட்பவருக்குக் கடைசிவரை உறுதியாகத் தெரியாது. எனக்கு இதன் மேல் இருக்கும் பிரியத்துக்கு அந்த உறுதியின்மையே காரணம். அதிகாரிகளுக்கு இது ஆகாமல் போனதற்கும் அதுவே காரணம் என்று நினைக்கிறேன்.

அரங்கேற்றத்தை நடத்தியவர் ஃபிரிட்ஸ் ஷ்டீட்ரி. ஹிட்லர் ஆட்சிக்கு வந்ததும் ஜெர்மனியிலிருந்து வெளியேறிய ஆஸ்திரிய யூதர்.

அந்த மார்ச் மாதத்தில் லெனின்கிராடு எப்படி இருந்தது என்பதையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். 1934 டிசம்பர் 1 அன்று நகரக் கட்சித் தலைவர் கீரவ் சுட்டுக் கொல்லப்பட்டார். அதைச் சாக்காக வைத்துக் கைதுகள் பெருகின. 1935 பிப்ரவரி கடைசியிலிருந்து மார்ச் கடைசிவரை, பழைய பிரபுக்கள், ஜார் காலத்து அதிகாரிகள், வியாபாரிகள், பாதிரிமார்கள், அவர்களுடைய குடும்பத்தார் என்று சுமார் 11,000 பேரை நகரத்தைவிட்டு அப்புறப்படுத்தினார்கள். பகை வர்க்கம் என்று குத்தப்பட்டவர்கள் மூட்டை முடிச்சோடு ரயில் நிலையத்தில் நின்றுகொண்டிருந்த வாரங்களில்தான் இந்தச் சிம்பொனி அரங்கேறியது. அந்த நேரத்தில் 'எதிரி வர்க்கத்தின் சித்தாந்தம்' என்று ஒரு படைப்பின் மேல் எழுதுவது வெறும் இசை விமர்சனம் அல்ல. அது ஆளையே ரயிலேற்றக்கூடிய சொல்.

இனி அந்தத் தர்க்கத்துக்கு வருகிறேன். சோவியத் படம் ஒன்று மக்களிடம் போவதற்குள் பல கைகளைத் தாண்ட வேண்டும். கதைச் சுருக்கம், திரைக்கதை, ஸ்டுடியோ நிர்வாகம், மாஸ்கோவில் சினிமாத் துறையின் தலைவர் போரிஸ் ஷும்யாத்ஸ்கி, அவருக்கும் மேலே கிரெம்ளின் திரையரங்கு. ஸ்டாலின் பார்த்துத் தலையசைத்த படத்தில் இருக்கும் ஒவ்வொரு சுரத்துக்கும் அவருடைய அனுமதி கிடைத்த மாதிரி. கீழே இருக்கும் எந்த அதிகாரிக்கும் அதைப் பற்றிப் பயம் வேண்டாம். சிம்பொனிக்கு அப்படிப்பட்ட காப்பு எதுவும் இல்லை. அதன் பொறுப்பு உள்ளூர் அதிகாரி தலையில் விழுகிறது. கீரவ் கொலைக்குப் பிறகான லெனின்கிராடில், அனுமதித்துவிட்டு மாட்டிக்கொள்வதைவிடத் தடை செய்துவிட்டுத் திட்டு வாங்குவது அவருக்கு எவ்வளவோ மேல்.

இதைவிட ஆழமான காரணம் ஒன்றும் உண்டு. படத்தில் இசைக்கு என்ன பொருள் என்பதைக் காட்சி சொல்லிவிடுகிறது. குதிரைப்படை பாய்கிறது, எதிரி ஓடுகிறான், இசை அதைத்தான் சொல்கிறது. சொற்களே இல்லாத 50 நிமிட வாத்திய இசையில் அந்த அலறல் யாருடையது? பழைய உலகம் சாகும்போது போட்ட கூச்சலா, புதிய உலகத்தில் ஒரு மனிதன் போடும் கூச்சலா? கலையெல்லாம் ஒரே ஒரு பொருளைத் தர வேண்டும் என்று அடம்பிடிக்கும் அரசுக்கு, பதில் தெரியாத கேள்வியே குற்றம். ஆகவே ஒரே இசைமொழி காட்சியோடு வந்தால் பாராட்டப்பட்டது, தனியாக வந்தால் தண்டிக்கப்பட்டது.

சில இசையமைப்பாளர்கள் எதிர்த்துப் பேசினார்கள், முறையீடுகள் போயின, தடை காகித அளவில் விலக்கப்பட்டது. ஆனால் யாரும் அதை மறுபடி வாசிக்கத் துணியவில்லை. 1936 ஜனவரி 28 அன்று ஷோஸ்டகோவிச்சின் ஆபராவைத் தாக்கிப் பிராவ்தாவில் கட்டுரை வந்ததும் கதவு அடியோடு அடைபட்டது. அதே ஆண்டு டிசம்பரில் அதே ஷ்டீட்ரி, ஷோஸ்டகோவிச்சின் நாலாம் சிம்பொனியை ஒத்திகை பார்த்துக்கொண்டிருந்தார். அரங்கேற்றத்துக்கு முன்பே அது திரும்பப் பெறப்பட்டது. அந்த நாலாம் சிம்பொனியில் பொப்போவின் முதல் சிம்பொனியின் தடங்களைத் தேர்ந்த காதுகள் காண்கின்றன. 1961இல் ஷோஸ்டகோவிச்சின் சிம்பொனி மேடையேறிவிட்டது. பொப்போவுடையது மறுபடி ஒலிக்க 1972 ஆனது. 1972 பிப்ரவரியில்தான் பொப்போவ் இறந்தார்.

சினிமா பாதுகாப்பான இடம் என்று இதுவரை சொன்னதற்கு ஒரு பெரிய விதிவிலக்கு உண்டு. இயக்குநர் ஐசன்ஸ்டீன் 1935இல் தொடங்கிய 'பேழின் புல்வெளி' படத்துக்கு இசையமைக்க பொப்போவை அழைத்தார். தன் தந்தையையே காட்டிக்கொடுத்ததாகச் சொல்லப்பட்டு, தியாகியாகக் கொண்டாடப்பட்ட பாவ்லிக் மொரோசவ் என்ற சிறுவனின் கதையை அடியொற்றிய படம். திரைக்கதை மாற்றி எழுதப்பட்டது, எழுத்தாளர் ஐசக் பாபெல் வந்து உதவினார், பெரும்பகுதி மறுபடி எடுக்கப்பட்டது. 1937 மார்ச்சில் ஷும்யாத்ஸ்கி படப்பிடிப்பை நிறுத்தச் சொன்னார். ஐசன்ஸ்டீன் பகிரங்கமாகத் தன் தவறுகளை ஒப்புக்கொள்ள வேண்டியதாயிற்று. அடுத்த ஆண்டு ஷும்யாத்ஸ்கியே சுட்டுக் கொல்லப்பட்டார். 1940 ஜனவரியில் பாபெலும். படச்சுருள்கள் அழிந்துபோயின, வெட்டித் தனியாக வைத்திருந்த சட்டகங்கள் மட்டும் தப்பின. அறுபதுகளில் செர்கேய் யூத்கேவிச்சும் நவும் கிளெய்மனும் அந்தச் சட்டகங்களை வரிசைப்படுத்திச் சுமார் அரைமணி நேரப் படமாக மீட்டார்கள். ஐசன்ஸ்டீன் ஆர்வலர்கள் எல்லோரும் அதைப் பார்த்திருப்பார்கள். அதில் ஒலிப்பது இன்னொரு சோவியத் இசையமைப்பாளரான புரோக்கோஃபியெவின் இசை. மீட்கப்பட்ட படத்தில்கூட பொப்போவுக்கு இடம் கிடைக்கவில்லை.

முதல் சிம்பொனிக்குப் பிறகு அவருடைய பாதையில் ஒரு திருப்பம் தெரிகிறது. முன்பெல்லாம் கச்சேரிக்காகக் கற்றதை அவர் சினிமாவுக்குக் கொண்டுபோனார். இனிமேல் சினிமாவில் எழுதியது கச்சேரி அரங்குக்கு வரத் தொடங்கியது. ஸ்பெயின் உள்நாட்டுப் போரைப் பற்றி ஷூப் 1939இல் தொகுத்த ஆவணப்படத்துக்காக எழுதியவற்றிலிருந்து மூன்றாம் சிம்பொனி பிறந்தது. நரம்பு வாத்தியங்களுக்கு மட்டுமான பெரிய படைப்பு, 1946இல்தான் முடிந்தது. போர்க்காலத்தில் லென்ஃபில்மும் மாஸ்ஃபில்மும் கசகஸ்தானின் அல்மா அத்தாவுக்கு இடம்பெயர்ந்தன. அங்கே ஃப்ரீத்ரிக் எர்ம்லெர், குழந்தையையும் கணவனையும் இழந்து கெரில்லாத் தலைவியாக மாறும் ஒரு பெண்ணைப் பற்றி 1943இல் எடுத்த படத்துக்கு பொப்போவ் இசையமைத்தார். அந்த இசையிலிருந்து இரண்டாம் சிம்பொனி உருவானது. அதற்கு அவர் வைத்த பெயர் 'தாய்நாடு'. 1946இல் அதற்கு ஸ்டாலின் பரிசு கிடைத்தது.

பெயரும் காட்சியும் துணைக்கு வந்துவிட்டன என்பதைக் கவனியுங்கள். இந்த முறை யாருக்கும் அந்த அழுகை யாருடையது என்ற சந்தேகம் வரவில்லை. அதற்காக இரண்டாம் சிம்பொனியை அரசுக்கு எழுதிக்கொடுத்த சரக்கு என்று ஒதுக்கிவிட எனக்கு மனமில்லை. போரின் துயரம் அதில் உண்மையாக இருக்கிறது. மெதுவான பகுதிகளில் ரஷ்யக் கிராமத்து ஒப்பாரியின் வாசம் வருகிறது. 1935இல் அலறிய மனிதன்தான் இதையும் எழுதினான். ஆனால் இடைப்பட்ட ஆண்டுகளில் அவன் ஒன்றைக் கற்றுக்கொண்டுவிட்டான். இந்த இசை எதைப் பற்றியது என்று கேட்கப்படும் முன்பே பதில் சொல்லிவிடப் பழகியிருந்தான்.

அதே எர்ம்லெர் ஸ்டாலின்கிராடு போரைத் தளபதிகளின் அறைகளுக்குள்ளிருந்து காட்டிய 'மாபெரும் திருப்பம்' படத்துக்கும் பொப்போவ்தான் இசை. 1946இல் கான் திரைவிழாவில் உயர்ந்த விருதைப் பகிர்ந்துகொண்ட படங்களில் அதுவும் ஒன்று. ஸ்டாலின் பரிசு, கானில் விருது, நாடே மனப்பாடமாக அறிந்த 'சப்பாயெவ்'. இவ்வளவும் இருந்தும் 1948 பிப்ரவரி 10 அன்று கட்சியின் மத்தியக் குழு இசையைப் பற்றி வெளியிட்ட தீர்மானத்தில் அவர் பெயர் வந்தது. ஷோஸ்டகோவிச், புரோக்கோஃபியெவ், கச்சதூரியன், ஷெபாலின், பொப்போவ், மியாஸ்கோவ்ஸ்கி ஆகியோரின் இசை மக்களுக்கு அந்நியமான வடிவவாதம், அதாவது உள்ளடக்கத்தை விட்டு வடிவத்தோடு விளையாடுவது என்று அது கண்டித்தது. அந்த வரிசையில் உலகம் அறியாத பெயர்களில் இவருடையதும் ஒன்று. அந்த அறுவரில் சேர்க்கும் அளவுக்கு இவரை அரசு பெரியவராகக் கருதியது என்பதும் அதிலிருந்தே தெரிகிறது.

இந்த அடிக்குப் பிறகும் சினிமா ஷோஸ்டகோவிச்சுக்குச் சோறு போட்டது. 'இளம் காவற்படை', 'பெர்லினின் வீழ்ச்சி' போன்ற படங்களுக்கு எழுதிக்கொண்டு, தன் உண்மையான படைப்புகளை மேசை இழுப்பறைக்குள் வைத்திருந்தார் அவர். பொப்போவிடம் அப்படி இரண்டு வாழ்க்கை வாழும் தெம்பு இல்லை. 1949இல் வாத்தியங்களே இல்லாமல், குரல்களுக்கு மட்டும் எழுதிய நாலாம் சிம்பொனியில் தாய்நாட்டின் பெருமையைப் பாடினார். நீண்ட காலமாக இருந்த குடிப்பழக்கம் அவரைத் தின்றது. 1958 மே மாதத்தில் கட்சி அந்தப் பழைய தீர்மானத்தைத் திருத்தி, அதே இசையமைப்பாளர்களைத் திறமைசாலிகள் என்று ஒப்புக்கொண்டது. ஷெபாலினும் ஷோஸ்டகோவிச்சும் கச்சதூரியனும் பொப்போவும் அதைப் பார்த்தார்கள். புரோக்கோஃபியெவும் மியாஸ்கோவ்ஸ்கியும் அதற்கு முன்பே போய்ச் சேர்ந்திருந்தார்கள்.

அவருடைய கடைசிப் பெரிய படங்கள் யூலியா சோல்ன்த்சேவா இயக்கியவை. தன் கணவரும் இயக்குநருமான தவ்ஷென்கோ எழுதி வைத்துவிட்டுப் போன 'கடலின் கவிதை'யை 1958இல் அவர் முடித்தார். அதை அடுத்து 'நெருப்பு ஆண்டுகளின் கதை'. 1961இல் அதற்காக கான் விழாவில் சிறந்த இயக்குநர் விருது பெற்றார், அந்த விருதைப் பெற்ற முதல் பெண் அவர். இரண்டு படங்களிலும் காட்சிகள் விரிந்து பரந்தவை, பேச்சுகூட உரைநடையாக இல்லாமல் பாட்டை நெருங்கி நிற்கும். அந்தப் பரப்பில் பொப்போவின் இசைக்கு மறுபடி மூச்சுவிட இடம் கிடைத்தது.

முதல் சிம்பொனியோடு பொப்போவ் செத்துவிட்டார், மிச்சமெல்லாம் சிதைவு என்று அவரை அறிந்த சிலர் எழுதுவதுண்டு. அப்படிச் சொல்வது அவருக்கு இரண்டாவது முறையாகத் தடை போடுவது போல எனக்குப் படுகிறது. சினிமா இசையைக் கணக்கில் எடுக்காததால் வரும் முடிவு அது. அவருடைய இரண்டாம், மூன்றாம் சிம்பொனிகளுக்குப் படங்களோடு தொப்புள்கொடி உறவு இருக்கும்போது, சிம்பொனிகளை ஒரு தட்டிலும் சினிமாவை இன்னொரு தட்டிலும் வைத்து எடை போட முடியாது.

கேட்டுப் பார்க்க விரும்புகிறவர்களுக்கு: லியோன் பாட்ஸ்டைன் லண்டன் சிம்பொனி வாத்தியக் குழுவோடு பதிவு செய்த முதல் சிம்பொனி 2004இல் இசைத்தட்டாக வந்தது. அதற்கு முன்பே மாஸ்கோவில் கென்னாடி புரோவதோரவ் நடத்திய பதிவு ஒன்றும் உண்டு, இன்னும் முரட்டுத்தனமானது. 'சப்பாயெவ்' படத்தைத் தேடினால் எளிதாகக் கிடைக்கும். முதலில் படத்தைப் பாருங்கள், இசை எங்கெல்லாம் விலகி நிற்கிறது என்று கவனியுங்கள். பிறகு சிம்பொனியின் முதல் பகுதியைப் போடுங்கள். ஒலியைக் கொஞ்சம் குறைத்து வைத்துத் தொடங்குவது நல்லது, அந்தத் தொடக்கம் உங்களைத் தூக்கிப் போடும்.